அந்தப் பக்கம் ஓட்டு... இந்தப் பக்கம் பூட்டு!

ஒரு சின்ன க்விஸ். பக்கத்தில் ஃப்ரெண்ட் யாராவது இருந்தால் அவரையும் சேர்த்துக்குங்க.

பாரிஸில் வாழ்ந்த ஒரு பெண்மணி. மயிலாப்பூரில் வாழ்ந்த ஒரு பெண்மணி. ரெண்டு பேரில் யாருக்கு முதலில் ஓட்டுரிமை கிடைத்தது?

'இதெல்லாம் ஒரு கேள்வியா? சுதந்திரம், சமத்துவம், சகோதரத்துவம்னு உலகத்துக்கே சொல்லிக் கொடுத்த ஊராச்சே... பாரிஸ்தான்!' என்று சொன்னீர்களா? ஸாரி பாஸ், ராங் ஆன்ஸர்.

மெட்ராஸ் மாகாணத்தில் பெண்களுக்கு ஓட்டுரிமை தர சட்டசபை முடிவெடுத்தது 1921-ல். பிரான்ஸ் தன் பெண்களுக்கு ஓட்டுரிமை தந்த ஆணை வெளியானது 1944 ஏப்ரல் 21-ல். நடுவில் 23 வருஷம்! மயிலாப்பூர் மாமி வாக்குச்சாவடிக்குப் போய்விட்டு வந்து, அவருடைய பேத்தியும் பிறந்து வளர்ந்த பிறகுதான் பாரிஸ் மேடத்துக்கு ஓட்டு.

இது ஏதோ கடல் தாண்டிய கதை என்று பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். இந்த 23 வருஷ இடைவெளி நம்ம ஊர் வயல் வரப்பிலேயே கிடந்தது.

ஒரே வரப்பு... ரெண்டு சர்க்கார்!

பாகூர் கொம்யூனில் இருக்கிற கரையாம்புத்தூர் தெரியுமா? புதுச்சேரி மாநிலத்தின் எல்லைக் கிராமம். ஊர் எல்லையைத் தாண்டினால் தமிழ்நாடு. வண்டி நம்பர் பிளேட் மாறும், பஸ் கலர் மாறும், பெட்ரோல் விலை மாறும். மனுஷங்க மட்டும் மாறமாட்டாங்க. அத்தை கடலூர் பக்கம், சின்னம்மா விழுப்புரம் பக்கம் என்று பெண் கொடுத்துப் பெண் எடுத்த சொந்தபந்தம் ரெண்டு பக்கமும் இருக்கும்.

1954 வரைக்கும் இதே எல்லை ரெண்டு சாம்ராஜ்யங்களின் எல்லை. இந்தப் பக்கம் பிரெஞ்சு சர்க்கார். அந்தப் பக்கம் தென்னார்க்காடு ஜில்லா, பிரிட்டிஷ் சர்க்கார், அதற்குப் பிறகு சுதந்திர இந்தியா.

இப்போ ஒரு கற்பனை. கரையாம்புத்தூரில் பிறந்த அக்கா, தங்கச்சி ரெண்டு பேர். அக்காவை உள்ளூரிலேயே கட்டிக்கொடுத்தார்கள். தங்கச்சியை எல்லைக்கு அந்தப் பக்கம் கட்டிக்கொடுத்தார்கள். தங்கச்சி பேரில் போதுமான நிலமும் அதற்கான வரி ரசீதும் இருந்தால், 1923 தேர்தலில் அவள் ஓட்டுப் போட்டிருக்கலாம். அக்காவுக்கு எத்தனை காணி நிலம் இருந்தாலும் ஓட்டு இல்லை!

இத்தனைக்கும் பிரெஞ்சு இந்தியாவில் ஆண்கள் 1871-லேயே ஓட்டுப் போட்டார்கள். பாரிஸ் பாராளுமன்றத்துக்கு இங்கிருந்து ஒரு பிரதிநிதியையே தேர்ந்தெடுத்து அனுப்பினார்கள். அதாவது, ஓட்டுப் பெட்டி இந்தப் பக்கம்தான் சீக்கிரம் வந்தது. ஆனால் பெண்களைப் பொறுத்தவரை அது பூட்டியே கிடந்தது.

அந்தப் பக்கம் மட்டும் பூட்டு எப்படித் திறந்தது? பிரிட்டிஷ்காரர்கள் ரொம்ப நல்லவர்களா? அதெல்லாம் இல்லை. அங்கே ஒரு சங்கம் இருந்தது!

அடையாற்றில் ஒரு சங்கம்

1917 மே 8. சென்னை அடையாறு. 'இந்திய மாதர் சங்கம்' அன்றைக்குத்தான் பிறந்தது. தலைவர் அன்னி பெசன்ட். ஓடியாடி வேலை பார்த்தவர்கள் டோரதி ஜினராஜதாசாவும் மார்கரெட் கசின்ஸும். ஆரம்ப கால உறுப்பினர்களில் அம்மு சுவாமிநாதனும் ஒருவர். பிற்காலத்தில் அரசியல் நிர்ணய சபையில் உட்கார்ந்து நம் அரசியல் சட்டத்தை உருவாக்கியவர்களில் ஒருவர் அவர்.

இந்த மார்கரெட் கசின்ஸ் ஒரு சுவாரஸ்யமான கேரக்டர். பிறந்தது அயர்லாந்து. 1908-ல் அங்கே பெண்கள் ஓட்டுரிமைக்காகச் சங்கம் ஆரம்பித்தவர்களில் ஒருவர். போராட்டம் நடத்தி லண்டனில் ஜெயிலுக்குப் போனவர். 1915-ல் கணவரோடு இந்தியா வந்தார். ரவீந்திரநாத் தாகூர் 1919-ல் மதனப்பள்ளிக்கு வந்தபோது, 'ஜன கண மன' பாட்டுக்கு ஸ்வரக் குறிப்பு எழுதி வைத்ததும் இவர்தான். நாம் ஸ்கூலில் அட்டென்ஷனில் நின்று பாடிய அதே பாட்டு!

சங்கம் முதலில் கையில் எடுத்த வேலைகள் ரொம்ப சாதாரணமானவை. எழுதப் படிக்கச் சொல்லித் தருவது, தையல், முதலுதவி, குழந்தை வளர்ப்பு. கிளைகள் ஊர் ஊராகப் பரவின. 1918-ல் 'ஸ்திரீ தர்மம்' என்ற பத்திரிகை ஆரம்பமானது. இங்கிலீஷோடு தமிழிலும் பக்கங்கள் இருந்தன.

தையல் கிளாஸில் இருந்து ஓட்டுரிமைக்கு எப்படி ஜம்ப் ஆனார்கள்? அங்கேதான் ட்விஸ்ட்.

'அரசியலா இருந்தா பேசலாம்!'

1917 கடைசியில், இந்தியாவுக்கான பிரிட்டிஷ் அமைச்சர் எட்வின் மாண்டேகு இந்தியா வந்தார். யாருக்கு என்ன அரசியல் உரிமை தரலாம் என்று ஊர் ஊராகப் போய்க் கருத்து கேட்டார். கசின்ஸ் அவரைச் சந்திக்க நேரம் கேட்டு மனுப் போட்டார். எதற்கு? பெண் கல்வி பற்றிப் பேசுவதற்கு.

'அரசியல் விஷயமாக இருந்தால் மட்டும்தான் சந்திப்பு' என்ற ரீதியில் பதில் வந்தது. வேறு யாராக இருந்தாலும் 'சரி, போகட்டும்' என்று விட்டிருப்பார்கள். கசின்ஸ் என்ன செய்தார் தெரியுமா? 'ஓ, அரசியல் வேணுமா? இந்தாங்க!' என்று மனுவில் ஓட்டுரிமையைச் சேர்த்துவிட்டார்!

1917 டிசம்பரில் சென்னையில் சந்திப்பு நடந்தது. பெண்கள் குழுவுக்குத் தலைமை சரோஜினி நாயுடு. கேட்டதில் முக்கியமானது இதுதான். ஆணுக்கு என்ன தகுதி வைத்து ஓட்டுத் தருகிறீர்களோ, அதே தகுதி இருக்கிற பெண்ணுக்கும் தாருங்கள். ஸ்பெஷல் சலுகை எதுவும் வேண்டாம், குறுக்கே நிற்காமல் இருந்தால் போதும்!

உடனே கிடைத்துவிடவில்லை. ஓட்டுரிமையை ஆராய வந்த சவுத்பரோ கமிட்டி, 'இந்தியச் சமூகம் இன்னும் இதற்குத் தயாராகவில்லை' என்று கையை விரித்தது. விடவில்லை. ஹீராபாய் டாட்டாவும் அவர் மகள் மிதனும் 1919-ல் லண்டனுக்கே கப்பல் ஏறிப் போய் வாதாடினார்கள். கடைசியில் பிரிட்டிஷ் பாராளுமன்றம் பந்தைத் திருப்பி அடித்தது. 'அந்தந்த மாகாணச் சட்டசபையே முடிவு பண்ணிக்கட்டும்.'

அந்தக் கதவு வழியாகத்தான் 1921-ல் மெட்ராஸ் நுழைந்தது. நீதிக்கட்சி ஆட்சிக்காலம். ஆண்கள் மட்டுமே உட்கார்ந்திருந்த சட்டசபை, பெண் என்ற காரணத்துக்காக ஓட்டை மறுக்கக் கூடாது என்று தீர்மானம் போட்டது. பிரிட்டிஷ் இந்திய மாகாணங்களில் முதலில் செய்தது நாம்தான்!

அதே நேரம்... தெஹ்ரானில்!

உலகத்தில் இப்படிக் கூடிப் பேசியது நம்மவர்கள் மட்டும்தானா? பாரசீகத்துக்கு ஒரு ட்ரிப் போய்வரலாம். இன்றைய ஈரான்.

1906-ல் அங்கே மக்கள் புரட்சி. மன்னரைப் பணியவைத்து அரசியல் சட்டம் வாங்கினார்கள். பெண்களும் தெருவில் இறங்கினார்கள். ஆனால் தேர்தல் சட்டத்தில் பெண்களுக்கு ஓட்டு இல்லை. 'போராடறதுக்கு மட்டும் நாங்க, ஓட்டுப் போட நீங்களா?' என்ற கோபம். 1907-ல் தெஹ்ரானில் 'பெண்கள் விடுதலைச் சங்கம்' ஆரம்பமானது. ஊருக்கு வெளியே ஒரு தோட்டத்தில் ரகசியமாகக் கூடினார்கள். அரண்மனை இளவரசிகள் தாஜ் அல்-சல்தனேவும் அவர் சகோதரியும்கூட உறுப்பினர்கள். அந்தச் சங்கத்தின் ஒரு விதி விநோதமானது. ஒவ்வொரு பெண்ணும் தன் வீட்டு ஆண் ஒருவரைக் கூட்டிக்கொண்டு வரவேண்டும். ரெண்டு பேரும் ஒரே இடத்தில் உட்கார்ந்து பேசப் பழகவேண்டும் என்பதற்காக!

விஷயம் வெளியே கசிந்தது. கூட்டத்தைத் தாக்க ஒரு கும்பல் கிளம்பிவிட்டது. ஆனால் விதை விழுந்துவிட்டது. 1922-ல் மொஹ்தரம் எஸ்கந்தரி தலைமையில் 'தேசபக்திப் பெண்கள் சங்கம்' வந்தது. பெண்களைக் கேவலப்படுத்தி அச்சடித்து விற்ற பிரசுரங்களை வாங்கி, தெஹ்ரானின் பிரதான சதுக்கத்தில் போட்டுக் கொளுத்தினார்கள். எஸ்கந்தரி முப்பது வயதுகூட நிறைவதற்குள் இறந்துபோனார். ஈரான் பெண்களுக்கு ஓட்டுரிமை கிடைத்தது 1963-ல்.

அடையாறும் தெஹ்ரானும் ஒரே மேடையில் சந்தித்துக்கொண்டதும் உண்டு. 1931 ஜனவரியில் லாகூரில் அகில ஆசிய பெண்கள் மாநாடு. ஏற்பாட்டில் முன்னே நின்றவர் நம்ம மார்கரெட் கசின்ஸ். பர்மா, இலங்கை, ஜப்பான், ஆப்கானிஸ்தான் என்று பல நாட்டுப் பெண்கள் வந்தார்கள். பாரசீகத்தின் சார்பில் வந்தவர் ஷிரின் ஃபோஸ்தார். பம்பாயில் பிறந்த பாரசீக வம்சாவளிப் பெண்.

இவர் பிற்பாடு சிங்கப்பூரில் குடியேறினார். 1952-ல் அங்கே பெண்கள் கவுன்சில் உருவாக முன்னின்றார். ஒருவர் பல பெண்களைக் கட்டிக்கொள்வதைத் தடுக்கச் சட்டம் வேண்டும் என்று விடாமல் குரல் கொடுத்தார். அதன் பலன்தான் சிங்கப்பூரின் 1961 'மாதர் சாசனம்'. அங்கே வாழும் தமிழ்க் குடும்பங்களுக்கும் ஒருத்தருக்கு ஒருத்தி என்று சட்டம் போட்டது அது. அடையாற்றுக்காரர் கூட்டிய மேடை, பாரசீகக் குரல், சிங்கப்பூர்த் தமிழச்சிக்கு நியாயம்... சங்கிலி எங்கே தொடங்கி எங்கே போகுது பாருங்க!

எல்லை தாண்டிய கல்யாணங்கள்

சரி, மறுபடியும் நம்ம எல்லைக்கு வருவோம். இங்கேதான் கதை சீரியஸாகிறது.

1926-ல் மெட்ராஸ் மாகாணத்தில் பெண்கள் சட்டசபை உறுப்பினராகவும் ஆகலாம் என்று வழி திறந்தது. மாதர் சங்கம் முன்னிறுத்திய பெயர் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி. புதுக்கோட்டையில் 1886-ல் பிறந்தவர். தாய் சந்திரம்மாள் இசை வேளாளர் குலம். மகாராஜா கல்லூரியில் பையன்கள் மட்டுமே படித்த காலத்தில், ராஜாவே அனுமதி தந்து உள்ளே போனவர். 1912-ல் மெட்ராஸ் மெடிக்கல் காலேஜில் டாக்டர் பட்டம். 1927-ல் சட்டசபையின் துணைத் தலைவர்!

அந்த நாற்காலியில் உட்கார்ந்து அவர் சும்மா இருக்கவில்லை. கோயிலுக்குச் சிறுமிகளைப் பொட்டுக்கட்டி விடும் வழக்கத்தை எடுத்துக்கொண்டார். சத்தியமூர்த்தி போன்ற பெரிய தலைவர்களே எதிர்த்தார்கள். மூவலூர் ராமாமிர்தம் அம்மையார் வெளியே ஊர் ஊராகப் போய் அதே வழக்கத்துக்கு எதிராகப் பேசினார். பொட்டுக்கட்டத் தடைச் சட்டம் கடைசியில் நிறைவேறியது 1947-ல். நடுவில் 1930-ல், அடைக்கலம் தேடி வந்த பெண்களுக்காக 'அவ்வை இல்லம்' ஆரம்பித்தார். 1954-ல் அடையாறு புற்றுநோய் மருத்துவமனை உருவானதும் அவர் முயற்சியால்தான்.

மாதர் சங்கம் பாடுபட்ட இன்னொரு விஷயம், குழந்தைத் திருமணத் தடை. 1929-ல் சாரதா சட்டம் வந்தது. பெண்ணுக்கு 14, பையனுக்கு 18 குறைந்தபட்ச வயது. அமலுக்கு வரும் தேதி 1930 ஏப்ரல் 1. 'அதுக்குள்ள முடிச்சிடுவோம்' என்று இடைப்பட்ட மாதங்களில் நாடு முழுக்க அவசர அவசரமாகக் குழந்தைக் கல்யாணங்கள் நடந்தன.

தேதி தாண்டிய பிறகு? ஐடியா ரெடியாக இருந்தது. சாரதா சட்டம் செல்லுபடி ஆவது பிரிட்டிஷ் இந்தியாவில் மட்டும்தானே? சமஸ்தானங்களுக்குப் போனார்கள். பிரெஞ்சுப் புதுச்சேரிக்கு வந்தார்கள். பெண், மாப்பிள்ளை, புரோகிதர், சமையல் பாத்திரம் சகிதம் எல்லையைத் தாண்டி, தாலி கட்டி, சாப்பிட்டு, சாயந்திரம் ஊர் திரும்பினால் முடிந்தது கதை. போலீஸ் எல்லைக்கு அந்தப் பக்கம் கையைக் கட்டிக்கொண்டு நிற்கவேண்டியதுதான்!

இந்த ஓட்டையை அடைக்க 1938-ல் சட்டத்தைத் திருத்தினார்கள். பிரிட்டிஷ் பிரஜை எங்கே போய்க் கல்யாணம் பண்ணினாலும் சட்டம் பாயும் என்றார்கள். சரி, அது எல்லைக்கு அந்தப் பக்கத்துச் சிறுமிகளுக்கு. இந்தப் பக்கம் பாகூரிலும் வில்லியனூரிலும் பிறந்த சிறுமிகளுக்கு? பிரெஞ்சுக்காரர்கள் போய், இந்தியாவோடு இணைந்து, புதுச்சேரிக்கு அந்தச் சட்டம் விரிவாக்கப்பட்டது 1968-ல்தான்! 1929-ல் போட்ட சட்டம் பாகூர் வந்து சேர 39 வருஷம். நடந்தே வந்திருந்தாலும் சீக்கிரம் வந்திருக்கும்!

அதிலும் ஒரு விதிவிலக்கு. 1881-ல் ஒரு பிரெஞ்சு ஆணை. விருப்பம் உள்ளவர்கள் தங்கள் சாதி, மத வழக்கச் சட்டத்தைத் துறந்து பிரெஞ்சு சிவில் சட்டத்தை ஏற்கலாம். அப்படி ஏற்றவர்களையும் அவர்கள் வாரிசுகளையும் 'ரெனோன்சான்' என்பார்கள். 'துறந்தவர்' என்று அர்த்தம். 1968 விரிவாக்கம் இவர்களைத் தொடவில்லை. 2006-ல் பாராளுமன்றம் புதிதாகக் குழந்தைத் திருமணத் தடைச் சட்டம் போட்டபோதும், 'புதுச்சேரி ரெனோன்சான்களுக்கு இது பொருந்தாது' என்று ஒரு வரி இருந்தது. 1804-ல் நெப்போலியன் காலத்து பிரெஞ்சுச் சட்டம் பெண்ணின் திருமண வயதை 15 என்று வைத்திருந்தது. பிரான்ஸே அதை 18 ஆக உயர்த்தியது 2006-ல்தான்.

லா காலேஜ் மாணவர்களே, ப்ராஜெக்ட்டுக்கு டாபிக் தேடி அலைகிறீர்களா? இதோ, இலவசமா ஒண்ணு!

அதே எல்லை, பாரதிக்கு அரண்

ஒரு நிமிஷம். எல்லைக்கோடு என்றாலே கெட்டதா? இல்லை.

பிரிட்டிஷ் போலீஸிடம் இருந்து தப்பி 1908-ல் புதுச்சேரி வந்த பாரதியார், பத்து வருஷம் இங்கே பத்திரமாக இருந்தது இதே எல்லைக்கோட்டால்தான். ஏற்கெனவே சென்னையில் 'சக்ரவர்த்தினி' என்ற பெண்கள் மாத இதழை நடத்தியவர் அவர். பெண் விடுதலை பற்றிப் புதுச்சேரி மண்ணில் உட்கார்ந்தும் கவிதையாகவும் கட்டுரையாகவும் எழுதினார். அடையாற்றில் மாதர் சங்கம் பிறந்த 1917-ல் அவர் இங்கேதான் இருந்தார். 1918 நவம்பர் 20-ல் எல்லையைத் தாண்டினார். கடலூர் அருகே கைது!

யோசிச்சுப் பாருங்க. பெண்களுக்கு உரிமை வேண்டும் என்று எழுதிய கவிஞரைக் காப்பாற்றிய அதே கோடு, இந்தப் பக்கத்துப் பெண்களின் ஓட்டைத் தடுத்து வைத்தது, அந்தப் பக்கத்துச் சிறுமிகளின் கல்யாணத்துக்கு வழி விட்டது. கோட்டுக்கு நல்லது கெட்டது தெரியாது. அந்தக் கோட்டை நம் பக்கத்தில் இருந்து யார் கண்காணிக்கிறார்கள் என்பதுதான் கேள்வி. அந்தப் பக்கம் கண்காணிக்க ஒரு சங்கம் இருந்தது. சட்டம் வந்ததும் வீட்டுக்குப் போய்விடாமல், சட்டத்தில் எங்கே ஓட்டை என்று பார்த்துக்கொண்டே இருந்தது.

சங்கமும் ஒண்ணும் தேவலோகம் இல்லை!

மாதர் சங்கத்தை ஓவராகத் தூக்கிவைக்கவும் வேண்டாம். 1921-ல் கிடைத்தது எல்லாப் பெண்களுக்கும் கிடைத்த ஓட்டு இல்லை. சொத்து இருக்கிற, வரி கட்டுகிற பெண்களுக்கு மட்டும். அந்தக் காலத்தில் எத்தனை பெண்கள் பேரில் பட்டா இருந்திருக்கும்? நாற்று நட்ட பெண்ணுக்கு ஓட்டு இல்லை, நிலத்துக்குச் சொந்தக்காரிக்கு இருந்தது. சங்கத்தின் முன்வரிசையில் இருந்தவர்கள் பெரும்பாலும் படித்த, வசதியான வீட்டுப் பெண்கள். பொட்டுக்கட்டும் வழக்கத்தை ஒழிக்கும் மசோதாவை எதிர்த்து தேவதாசிப் பெண்களே சங்கம் சேர்ந்து மனுக் கொடுத்தார்கள். 'எங்கள் சொத்து, எங்கள் கலை, எங்கள் பிழைப்பு பற்றி எங்களைக் கேட்டீர்களா?' என்ற அவர்களுடைய கேள்வி இன்றைக்கும் ஆராய்ச்சியாளர்கள் பேசுகிற கேள்வி.

வயது வந்த எல்லாப் பெண்களுக்கும் ஓட்டு என்பது சுதந்திர இந்தியாவின் அரசியல் சட்டம் தந்தது. அங்கேயும் ஒரு கூத்து. 1951-52 முதல் பொதுத்தேர்தலுக்கு வாக்காளர் பட்டியல் எடுக்க வீடு வீடாகப் போனார்கள். பேர் கேட்டால் பல பெண்கள் சொல்லவில்லை. 'இன்னாரோட சம்சாரம்', 'இன்னாரோட அம்மா' என்றுதான் பதிவாயிற்று. அப்படி எழுதினால் செல்லாது என்று தேர்தல் கமிஷன் கறாராகச் சொல்லிவிட்டது. சுமார் 28 லட்சம் பெண்களின் பதிவுகள், பெரும்பாலும் வட மாநிலங்களில், பட்டியலில் இருந்து நீக்கப்பட்டன. ஓட்டு இருக்கிறது, பேர் இல்லை! சட்டத்தைத் தாண்டி, வீட்டு வாசலில் நின்று 'உன் பேரைச் சொல்லும்மா' என்று கேட்க ஆள் தேவைப்பட்டது. அதுதான் சங்கத்தின் வேலை.

வருஷங்களை ஒரு கண்ணோட்டம்!

1871 - பிரெஞ்சு இந்தியாவில் ஆண்களுக்கு ஓட்டு.
1907 - தெஹ்ரானில் பெண்கள் விடுதலைச் சங்கம்.
1917 - அடையாற்றில் இந்திய மாதர் சங்கம்.
1921 - மெட்ராஸ் மாகாணத்தில் சொத்துள்ள பெண்களுக்கு ஓட்டு.
1929 - சாரதா சட்டம்.
1944 - பிரான்ஸில் பெண்களுக்கு ஓட்டுரிமை ஆணை.
1954 - நவம்பர் 1, பிரெஞ்சு ஆட்சியிலிருந்து புதுச்சேரி விடுபட்டது.
1963 - ஈரானில் பெண்களுக்கு ஓட்டு.
1968 - குழந்தைத் திருமணத் தடைச் சட்டம் புதுச்சேரிக்கு வந்தது.

ஓட்டு இருக்கு... சீட் எங்கே?

'அதெல்லாம் தாத்தா பாட்டி காலத்துக் கதை. இப்போதான் எல்லாருக்கும் ஓட்டு இருக்கே!' என்கிறீர்களா?

புதுச்சேரியின் கணக்கைக் கொஞ்சம் பாருங்க. சட்டசபையில் தேர்ந்தெடுக்கப்படும் இடங்கள் 30. 2016 தேர்தலில் ஜெயித்த பெண்கள் நால்வர். 2021 தேர்தலில் ஒரே ஒருவர். அதுவும் ஆண் வாக்காளர்களைவிடப் பெண் வாக்காளர்கள் அதிகம் இருந்த தேர்தலில்! 1980-களின் தொடக்கத்தில் ரேணுகா அப்பாதுரை அமைச்சராக இருந்தார். அதற்குப் பிறகு ஒரு பெண் அமைச்சரைப் பார்க்க 2021 வரை, சுமார் 40 ஆண்டு காத்திருந்தது இந்த மாநிலம்.

கிராமத்தில் இன்னும் மோசம். புதுச்சேரியில் 1968-ல் உள்ளாட்சித் தேர்தல் நடந்தது. அடுத்தது 2006-ல்! 38 வருஷ இடைவெளி. அந்த 2006 தேர்தலில்தான் மூன்றில் ஒரு பங்கு இடம் பெண்களுக்கு என்ற ஒதுக்கீடு இங்குள்ள கிராமப் பஞ்சாயத்துகளிலும் கொம்யூன்களிலும் நடைமுறைக்கு வந்தது. வீட்டுக்கும் வயலுக்கும் மட்டும் நடந்த பெண்கள் பஞ்சாயத்து நாற்காலியில் உட்கார்ந்தார்கள். 2011-ல் அவர்கள் பதவிக்காலம் முடிந்தது. அடுத்த தேர்தல் உடனே வரவில்லை. பத்து வருஷம் கழித்து 2021-ல் தேதி அறிவித்து, வழக்காகி, அதுவும் நின்றுபோனது.

இட ஒதுக்கீடு சட்டத்தில் பத்திரமாக இருந்தது. தேர்தலே இல்லாவிட்டால் ஒதுக்கீட்டை வைத்து என்ன செய்வது? கரையாம்புத்தூர் அக்காவின் கதையேதான். அன்றைக்கு ஓட்டுப் பெட்டி இருந்தது, பெண்ணுக்கு இல்லை. 2011-க்குப் பிறகு பெண்ணுக்கு இடம் இருந்தது, பெட்டி வரவில்லை. எல்லையின் அந்தப் பக்கம் தமிழ்நாட்டுக் கிராமங்களில், தாமதமானாலும் 2011-லும் 2019-லும் பெண்கள் தலைவர்களாகிக்கொண்டிருந்தார்கள். சொந்தக்காரங்க வீட்டு விசேஷத்தில் ரெண்டு பக்கத்துப் பெண்களும் ஒரே பந்தியில் உட்கார்ந்தால், இந்தப் பக்கத்து அக்காவிடம் சொல்ல என்ன இருந்திருக்கும்?

உங்க காலேஜ் நோட்டீஸ் போர்டு

சரி, காலேஜ் படிக்கிற நமக்கு இதில் என்ன வேலை?

இருக்கு. பாலியல் தொல்லை பற்றி விசாரிக்க ஒவ்வொரு கல்லூரியிலும் உள்ளகப் புகார்க் குழு இருக்கவேண்டும். அது 2013 சட்டம். யு.ஜி.சி. கொண்டுவந்த விதிகள் இன்னும் ஒரு படி மேலே போகின்றன. மாணவர்கள் சம்பந்தப்பட்ட புகார் என்றால் அந்தக் குழுவில் மாணவப் பிரதிநிதிகள் மூன்று பேர் இருக்கவேண்டும். அவர்களை வெளிப்படையான ஜனநாயக முறையில் தேர்ந்தெடுக்கவேண்டும். அதாவது, அங்கேயும் ஒரு ஓட்டு உங்களுக்காகக் காத்திருக்கிறது!

உங்க காலேஜ் நோட்டீஸ் போர்டில் அந்தக் குழுவின் பெயர்ப் பட்டியல் இருக்கா? அதில் மாணவர் பெயர் இருக்கா? எப்போ தேர்தல் நடந்தது? ஆபீஸ் ரூமுக்கு ஒருத்தர் மட்டும் தனியாகப் போய்க் கேட்டால், 'அப்புறம் வாம்மா' என்பார்கள். பத்துப் பேர் கையெழுத்துப் போட்ட மனுவோடு போனால் உட்காரச் சொல்வார்கள். முப்பது பேர் சேர்ந்து மாதம் ஒரு முறை கூடினால், அதுக்குப் பேர்தான் சங்கம்.

1917-ல் அடையாற்றில் கூடியவர்களிடம் ஓட்டு இல்லை, பதவி இல்லை, மொபைல்போன் இல்லை. படிப்பைப் பற்றிப் பேசப் போன இடத்தில் 'அரசியல் இருந்தால் வா' என்றார்கள். அதையே கையில் எடுத்துக்கொண்டு வந்தார்கள். தெஹ்ரான் பெண்கள் ஒரு தோட்டத்தில் கூடினார்கள். உங்களுக்கு மரத்தடி இருக்கு, கேன்டீன் இருக்கு, கடைசி பீரியட் ஃப்ரீ ஹவரும் இருக்கு.

அப்புறம் என்ன... நாளைக்கு நோட்டீஸ் போர்டைப் பார்த்துட்டு வந்து, முதல் கையெழுத்தை யார் போடறதுன்னு முடிவு பண்ணுங்க!